சொல்லாமல் பாடாத பையன்கள்

டைரக்டர் மூன்றாவது முறையாக "ஆக்‌ஷன்" என்று கத்தினார். எங்கள் சர்ச் கொயர் பையன்கள் பன்னிரண்டு பேரும் வெள்ளை அங்கியும் கையில் பாட்டுப் புத்தகமுமாக, வாயை இறுக மூடிக்கொண்டு நின்றார்கள்.

வாசலில் சவப்பெட்டி. அதற்குள் போலீஸ் உடுப்போடு ஒருவர் படுத்திருந்தார். மூக்கில் பஞ்சு, தாடையில் துணிக்கட்டு. தலைமாட்டில் கதாநாயகி அழுதுகொண்டிருந்தார். மூன்றாவது அழுகை என்பதால் கண்ணில் மருந்து விட்டிருந்தார்கள். எல்லாம் தயாராக இருந்தது. பாட்டு மட்டும் வரவில்லை.

"கட்! ஏம்பா, பாட வேண்டியதுதானே? என்னதான் பிரச்சினை உங்களுக்கு?"

பையன்களில் மூத்தவன் ஸ்டீபன். ஒன்பதாவது படிக்கிறான். அவன்தான் பதில் சொன்னான். "யாரும் சொல்லலியே சார்."

"நான்தான் தொண்டை கிழிய ஆக்‌ஷன் சொல்றேனே!"

"நீங்க ஆம்பள சார்."

லைட் பிடித்தவர்கள், டீ கொடுத்தவர்கள், எல்லோரும் சிரித்தார்கள். பெட்டியில் படுத்திருந்தவரின் வயிறும் குலுங்கியது. நான் சிரிக்கவில்லை. கடைசியில், பையன்களின் செருப்புகளுக்குப் பக்கத்தில், வயர்க்கூடையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். ஸ்டீபன் சொன்னது சரி என்று எனக்குத் தெரியும். அடுத்து என்ன நடக்கும் என்பதும் கொஞ்சம் தெரிந்துவிட்டது. கூடையை முகத்துக்கு நேராகத் தூக்கிக்கொண்டேன்.

கற்றுத்தராத பாட்டு

எங்கள் காலனி கும்மிடிப்பூண்டி கம்பெனிகளுக்குப் பின்பக்கம். என் அம்மா காலத்தில் எல்லோரும் கழனி வேலைக்குப் போனார்கள். இப்போது எல்லோரும் ஷிப்டுக்குப் போகிறார்கள். மாறாமல் இருப்பது கோயில் மணியும் இந்தப் பையன் கொயரும்தான். என் மாமனாரே சிறுவனாக அதில் பாடியவர். குரல் உடையும்வரைதான் பாடலாம். உடைந்த அன்றைக்கு அங்கியை மடித்து, அங்கிகளைத் துவைத்துத் தேய்க்கும் என்னிடம் கொடுத்துவிட வேண்டும். சில பையன்கள் உடைந்ததை மறைத்துக்கொண்டு ஆறு மாதம் வாயை மட்டும் அசைப்பார்கள். எனக்குத் தெரியும். அங்கியின் காலர் சொல்லிவிடும், மீசை முளைத்தவன் பவுடர் அதிகம் போடுவான்.

கொயருக்குப் பெண் பிள்ளைகளைச் சேர்க்காததற்கு ஒரு காரணம் சொல்வார்கள். கொயரின் முக்கியமான வேலை சாவு வீட்டில். அந்தக் காலத்தில் பெண்கள் கல்லறைக்குப் போகமாட்டார்கள், வாசலோடு சரி. அதனால் பெட்டியைத் தூக்கும் முன் அந்த வீட்டு மூத்த பெண்மணி வாசலில் நின்று "பாடுங்கய்யா" என்று சொல்ல வேண்டும். அனுப்பிவைக்கச் சம்மதம் என்று அர்த்தம். அந்த வார்த்தை விழுந்த பிறகுதான் கொயர் மாஸ்டரின் கை மேலே போகும், கடைசிப் பாட்டு கிளம்பும்.

அந்தப் பாட்டை யாரும் ஒத்திகை பார்ப்பதில்லை. சாவு இல்லாத இடத்தில் பாடினால், பாட்டு தானே ஆளைத் தேடிக்கொண்டு போகும் என்பார்கள். முன்பிருந்த ஒரு மாஸ்டர், ராகம் பிசகுகிறது என்று கோயிலில் வைத்துச் சொல்லிக்கொடுத்தார். அதே வாரம் இரண்டு பேர் போய்ச் சேர்ந்தார்கள். இரண்டு பேருக்கும் தொண்ணூறு தாண்டியிருந்ததை யாரும் பொருட்படுத்தவில்லை. பையன்கள் சாவுக்குப் போய்ப் போய்த்தான் அந்தப் பாட்டைக் கற்றுக்கொள்வார்கள். மழைக்காலத்தில் நன்றாகத் தேர்ச்சி பெறுவார்கள்.

என் வீட்டுக்காரர் போனபோது மூத்த பெண்மணி நான்தான். நான் ரேஷன் கடையில் "பாமாயில்" என்று சொல்வதற்கே நான்கு பேர் போகும்வரை காத்திருப்பவள். அன்றைக்கு ஊரே நிற்கிறது, எனக்குக் குரல் வரவில்லை. பையன்கள் வெயிலில் நிற்கிறார்கள். என் கொழுந்தனார் பயந்துபோய் ஓடிவந்தார்.

"அண்ணி, எங்க மேல எதுனா மனக்கொறயா? இருந்தா சொல்லிடு. பொணத்த வச்சிகினு வாணாம்."

மனக்குறை ஒன்றும் இல்லை. வார்த்தைதான் வரவில்லை. கடைசியில் முன்னால் நின்ற பையனின் காதுக்குப் போய்ச் சொன்னேன். அவன் மற்றவர்களுக்குச் சொன்னான். என் வீட்டுக்காரர் அப்படித்தான் கிளம்பினார்.

வேனில் ஏறிய கதை

கிறிஸ்துமஸுக்கு லோக்கல் கேபிள் சேனலில் எங்கள் பையன்கள் பாடினார்கள். காமிராக்காரர் முன்வரிசையின் முகத்தையும் பின்வரிசையின் வயிற்றையும் எடுத்திருந்தார். அப்படியும் அதைப் பார்த்துவிட்டு சீரியல் கம்பெனியிலிருந்து ஆள் வந்தார். சாவுக் காட்சிக்கு நிஜமான கிராமத்துக் கொயர் வேண்டுமாம், நிஜமான குரலையே அங்கேயே பதிவு செய்வார்களாம்.

கொயர் மாஸ்டர் சாலமோன் கம்பிக் கம்பெனியில் வேலை செய்கிறான். பெட்டியும் வாசலும் இருந்தால் அது சாவு வீடு மாதிரிதான், பாடலாம் என்று முடிவு செய்துவிட்டு, ஷிப்டு மாற்றிக்கொண்டு வந்து என் எதிரில் நின்றான்.

"பெரிம்மா, நீயும் வா. அங்கி கசங்கிச்சின்னா டிவில பேஜாரா தெரியும்."

"நான் எதுக்குடா? என் கல்யாணப் போட்டோலயே நான் பாதிதான் கீறேன்."

"நீ காமிரா பக்கமே வர வாணாம். செருப்பாண்ட ஒக்காந்துக்க."

செருப்புக்குப் பக்கத்தில் என்றதும் சரி என்றேன். அங்கிக்கு நான் போடும் கஞ்சி விறைப்பில் பையன்களால் உட்கார முடியாது. வேனில் ஊத்துக்கோட்டை ரோடு முழுக்கப் பன்னிரண்டு பேரும் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றபடிதான் வந்தார்கள். எல்லோரும் புதிதாக முடி வெட்டியிருந்தார்கள். ஒரே கடை, ஒரே வெட்டு. பின்னாலிருந்து பார்க்க ஒரே பையனைப் பன்னிரண்டு தடவை செய்ததுபோல் இருந்தது. அப்பாமார்கள் எல்லோரும் முந்தைய நாளே வாட்ஸப்பில் ஸ்டேட்டஸ் போட்டுவிட்டார்கள்.

படப்பிடிப்பு நடந்த பெரிய வீட்டை நான் முன்பே அறிவேன். அந்த வீட்டுக் களத்தில் என் அம்மா நெல் தூற்றியிருக்கிறாள். எனக்குப் பின்வாசல்தான் பழக்கம். சொந்தக்காரர்கள் இப்போது சென்னையில். முன்வாசல் இவ்வளவு அகலம் என்று அன்றைக்குத்தான் பார்த்தேன். பெட்டி தாராளமாகப் போகும்.

கோமாவில் இருந்த அம்மா

சாலமோன் டைரக்டரிடம் வழக்கத்தை விளக்கினான். டைரக்டர் நல்ல பிள்ளை, பொறுமையாகக் கேட்டார். பிறகு கதாநாயகியைக் காட்டினார்.

"செத்தவரோட தம்பி பொண்டாட்டி. இவங்க சொல்லட்டும்."

கதாநாயகி பெங்களூர்ப் பக்கம். "பாடுங்கோ" என்று அழகாகச் சொன்னார். பையன்கள் அசையவில்லை.

"அக்கா சின்னவங்க சார்," என்றான் ஸ்டீபன். "மூத்தவங்கதான் சொல்லணும்."

"மூத்தவங்க இல்லப்பா. கதையில அம்மா கோமால இருக்காங்க."

கோமா என்றால், அந்த அம்மாவுக்கு அன்றைக்கு வேறு சீரியலில் வேலை என்று அர்த்தமாம். டீ கொடுத்தவர் என்னிடம் சொன்னார்.

டைரக்டர் வானத்தைப் பார்த்தார். "தம்பிகளா, இன்னும் ஒரு மணி நேரம்தான் வெளிச்சம். இல்லன்னா நாளைக்கு மெட்ராஸ்லேருந்து வேற பசங்கள வரவழைச்சு எடுத்துக்கறேன். தப்பா நினைக்காதீங்க."

பையன்களின் முகம் சுருங்கிவிட்டது. கடைசியில் நின்ற பொடியன் ஒருவன் அங்கிக் கையால் கண்ணைத் துடைத்தான். கஞ்சிக் கை, முகத்தைக் கீறியிருக்கும். எனக்குப் பொறுக்கவில்லை. ஆனாலும் கூடையை இறக்கவில்லை.

"பெரிம்மா!" என்று சாலமோன் கூப்பிட்டான்.

எல்லாத் தலையும் திரும்பியது.

டைரக்டர் நேராக வந்து கூடையை மெதுவாக வாங்கிக் கீழே வைத்தார். "பாட்டி, நீங்க செத்தவருக்குப் பெரியம்மா. ஒரே வார்த்தை. சொல்லிட்டு வந்து உக்காந்துக்கலாம்."

காலனியில் யாரும் என்னைப் பாட்டி என்று கூப்பிடுவதில்லை. அதற்குக் கோபப்படக்கூட நேரம் தரவில்லை. தோளில் ஒரு சால்வையைப் போட்டுப் பெட்டிக்குப் பக்கத்தில் நிறுத்திவிட்டார்கள்.

குனிந்து பார்த்தேன். பெட்டியில் இருந்தவர் ஒரு கண்ணைத் திறந்து "சும்மா சொல்லும்மா" என்றார். முப்பது, முப்பத்தைந்து வயதிருக்கும். கன்னத்தில் கொசு உட்கார்ந்ததும் சதை துடித்தது. மூச்சு விடுகிறார், வியர்க்கிறது, கொசு கடிக்கிறது. இவரைப் போய் நான் எப்படி அனுப்பிவைப்பேன்?

இப்போது வெட்கம் போய், பாட்டு இவரையே தேடிக்கொண்டு வந்துவிடுமோ என்ற பயம் வந்துவிட்டது. என் வீட்டுக்காரரை அனுப்பியது நான். அது என் உரிமை. இவர் யார் பெற்ற பிள்ளையோ?

"உனக்கு அம்மா கீறாங்களா நைனா?" என்று கேட்டேன்.

"கீறாங்கம்மா. பொதட்டூர்பேட்டையில."

"அவங்களுக்குத் தெரியாம நான் சொல்லமாட்டேன். அவங்க சொல்லட்டும், அப்பால நான் சொல்றேன்."

டைரக்டர் தொப்பியைக் கழற்றித் தலையில் அடித்துக்கொண்டார். பையன்கள் மட்டும் தலையாட்டினார்கள். பெரியம்மா சொல்வது முறை.

பொதட்டூர்பேட்டைக்கு ஒரு போன்

அவர் பெயர் குமரேசன். "அதுக்கின்னா, கேட்டுட்டா போச்சு" என்று பெட்டிக்குள் படுத்தபடியே காக்கிச் சட்டைப் பையிலிருந்து போனை எடுத்தார். வீடியோ கால் போட்டார். மூக்குப் பஞ்சை எடுக்க வேண்டும் என்று அவருக்கும் தோன்றவில்லை, சுற்றி நின்ற எங்களில் ஒருவருக்கும் தோன்றவில்லை.

போனிலிருந்து வந்த அலறலில் வேப்பமரத்துக் காக்கைகள் கிளம்பிவிட்டன.

"ஐயோ கொமரேசா! மூக்குல இன்னாடா பஞ்சு!"

"எம்மா, எம்மா, கத்தாத! ஷூட்டிங்மா!"

"இன்ஸ்பெட்டரு வேசம்னியேடா!"

"இன்ஸ்பெக்டருதாம்மா. சுட்டுட்டாங்க."

"யார்ரா சுட்டது?"

"தம்பிதாம்மா."

"உனக்கு ஏதுடா தம்பி? எழுந்திரு மொதல்ல! பொட்டிய வுட்டு எழுந்து வெளிய வாடா!"

குமரேசன் எழுந்து உட்கார்ந்துவிட்டார். டைரக்டர் போனை வாங்கி, "அம்மா, நான் டைரக்டர் பேசறேன்" என்றார்.

"நீதானா அது? உங்கம்மாகிட்ட கேட்டுகினா எம்புள்ளைய பொட்டில போட்ட?"

டைரக்டர் போனைப் பக்கத்தில் நின்றவரிடம் தள்ளிவிட்டார். போன் கைமாறிக் கைமாறி என்னிடம் வந்தது. அதற்குமுன் நான் வீடியோவில் பேசியதே இல்லை. முகத்தைக் காட்ட வெட்கப்பட்டு என் காதைக் காட்டினேன்.

"யாரும்மா நீ? காதுதான் தெரியுது."

"அங்கி தொவைக்கிறவங்கம்மா. நான்தான் பசங்கள பாடச் சொல்லணுமாம். நீங்க சொல்லாம சொல்லமாட்டேன்னுட்டேன்."

அந்தப் பக்கம் மூக்கை உறிஞ்சும் ஓசை கேட்டது.

"அக்கா, நீ புள்ளப் பெத்தவளா?"

"இல்லம்மா."

"அப்டியும் கேட்ட பாரு." பிறகு குரலைத் தாழ்த்தினார். "நான் வாணான்னா இன்னா ஆவும்?"

பெட்டிக்குள்ளிருந்து குமரேசன் எட்டிச் சொன்னார். "வேற ஆள வச்சிப்பாங்கம்மா. ஏழு வருசமா அலஞ்சி இப்பத்தாம்மா மூஞ்சி தெரியற மாதிரி ஒரு சாவு கெடச்சிருக்கு."

அந்த அம்மா பெருமூச்சு விட்டார்.

"சரிக்கா. சொல்லு. ஆனா ஒரே தபாதான். ரெண்டாந்தபா சொன்னா எனக்குத் தாங்காது. பாட்டு முடிஞ்ச ஒடனே நீயே போயி அவன் பேரச் சொல்லி எழுப்பு. வேற யாரும் எழுப்பக் கூடாது. எழுந்ததும் உங்கையால எதுனா ஊட்டு. அவன் துன்னணும். துன்றவன் செத்தவன் இல்ல."

நான் சத்தியம் செய்தேன்.

ஒரே தடவை

"ஒரே டேக்கா?" டைரக்டருக்கு வியர்த்தது. "பாட்டி, சத்தமா சொல்லணும். மைக்குல விழணும். ரெண்டாவது வாட்டி கிடையாதுன்னு நீங்கதான் சத்தியம் பண்ணிட்டீங்க."

சத்தமாக! வீட்டுக்காரரை அனுப்பவே காதோடு காதாகச் சொன்னவளைப் போய்க் கேட்கிறார்.

ஆக்‌ஷன் என்றார்கள். கதாநாயகி அழுதார். காமிரா மெதுவாக என் பக்கம் திரும்பியது. எதிரில் பன்னிரண்டு பையன்கள். நான் துவைத்து, கஞ்சி போட்டு, தேய்த்த பன்னிரண்டு அங்கிகள். சாலமோனின் கை விலாவோடு ஒட்டியிருந்தது. ஒன்று, இரண்டு, மூன்று என்று மனதுக்குள் எண்ணினேன். இருபதுவரை போய்விட்டேன். டைரக்டர் வாயில் தொப்பியைக் கடித்துக்கொண்டிருந்தார்.

பொடியன் என்னைப் பார்த்தான். கன்னத்தில் கஞ்சிக்கை கீறிய சிவப்புக் கோடு.

"பாடுங்கய்யா!"

எங்கிருந்து வந்ததோ. நான் நினைத்ததைவிட நான்கு மடங்கு பெரிய குரல். ஒலிப்பதிவுக்காரர் காதிலிருந்ததைப் பிடுங்கி எறிந்தார். சாலமோனின் கை எழுந்தது. பையன்கள் பாடினார்கள்.

எத்தனையோ சாவில் கேட்ட பாட்டு. ஆனால் அன்றைக்குப் பாடியதுபோல் அவர்கள் பாடிக் கேட்டதில்லை. டீக்காரர் அழுதார். கண்மருந்து தேவைப்படாமல் கதாநாயகி அழுதார். நான் அழவில்லை. பெட்டிக்குள் இருந்தவரின் மார்பையே பார்த்துக்கொண்டிருந்தேன். நடிப்புக்காக மூச்சை அடக்கியிருந்தார். அது எனக்குத் தெரியும். தெரிந்தும், நான்கு சரணம் முடிவதற்குள் நான் பட்ட பாடு கொஞ்சமில்லை.

கடைசி அடி முடிந்தது. "கட்" என்று அவர்கள் சொல்வதற்கு முன்பே குனிந்துவிட்டேன்.

"கொமரேசா! எழுந்திரு நைனா! எழுந்திரு!"

எழுந்திருக்கவில்லை.

தோளைப் பிடித்து உலுக்கினேன். பையன்கள் கொயர் வரிசையை விட்டு ஓடிவந்தார்கள். "சார்! சார்!" என்று ஸ்டீபன் கத்தினான்.

குமரேசன் கண்ணைத் திறந்தார். "கட் சொல்லட்டும்னு படுத்துக்கினு கீறேம்மா."

டைரக்டர் வாயிலிருந்து தொப்பியை எடுத்து, "கட்" என்றார்.

சாயங்கால டிபனுக்குப் போண்டா வந்திருந்தது. அவர் தாடைக்கட்டை அவிழ்த்துவிட்டு, ஒரு போண்டாவைப் பிட்டுச் சட்னியில் தோய்த்து அவர் வாயில் வைத்தேன். பஞ்சு மூக்கில் இருந்ததால் வாயைத் திறந்து திறந்து மென்றார். மென்றபடியே அம்மாவுக்குப் போன் போட்டார். பையன்கள் பெட்டியைச் சுற்றி நின்று, ஒவ்வொரு வாய்க்கும் "முழுங்கிட்டாரு" என்று போனுக்குள் சொன்னார்கள்.

துக்கம் விசாரிக்க வந்தவர்கள்

சில வாரங்கள் கழித்து அந்தக் காட்சி டிவியில் வந்தது. ஸ்டீபன் வீட்டில் காலனியே கூடியது. பையன்கள் முகம், வயிறு எல்லாம் தெரிந்தது. நான் கதவுக்குப் பின்னாலிருந்து என்னைப் பார்த்தேன். பாட்டு முடிந்ததும் மண் போடுவதைக் காட்டி முடித்துவிட்டார்கள். நான் எழுப்பியதைக் காட்டவில்லை.

சற்று நேரத்தில் என் பட்டன் போன் அடித்தது. பொதட்டூர்பேட்டை அம்மா, அன்றைக்கே மகனிடம் சொல்லி என் நம்பரை வாங்கி வைத்திருந்தார்.

"அக்கா, எங்க தெருவே ஊட்டாண்ட வந்து ஒக்காந்துகினு கீது. ரெண்டு பேரு மாலயே எடுத்தாந்துட்டாங்க. இவன் போன எடுக்கமாட்றான், ஷூட்டிங்ல கீறான் போல. நடிப்புதான்னு நான் சொன்னா, புள்ள போன துக்கத்துல இப்டி பேசறாளேன்னு என்னியே தேத்துறாங்க. பாடச் சொன்னவ நீதான, நீயே சொல்லுக்கா. ஸ்பீக்கர்ல போட்டுட்டேன்."

"எத்தினி பேரும்மா கீறாங்க?"

"ஒரு அம்பது பேரு இருப்பாங்க."

கதவுக்குப் பின்னாலிருந்து வெளியே வந்தேன். டிவி சத்தத்தைக் குறைக்கச் சொன்னேன். போனை வாய்க்கு நேராகப் பிடித்துக்கொண்டு ஊர் கேட்கச் சொன்னேன்.

"அவரு எழுந்துட்டாருங்க. நான்தான் எழுப்பனேன். எங்கையால மூணு போண்டா துன்னாரு."

அந்தப் பக்கம் ஐம்பது பேரும் கலந்து பேசுவது கேட்டது. பிறகு ஒரு கிழவனாரின் குரல் தனியாக வந்தது, இன்னும் முழுதாக நம்பாத குரல்.

"சட்னி இருந்துச்சாம்மா?"

"இருந்துதுங்க. காரம் சாஸ்தி. இன்னும் கொஞ்சம் ஊத்துன்னு கேட்டு வாங்கித் துன்னாரு."

"அப்ப சரி," என்றார் கிழவனார். "மாலைய எடுத்து உள்ள வைங்கப்பா. புள்ள ஊட்டுக்கு வந்தா போட்டுக்கலாம்."